பெல் கர்வுக்குள் பத்துப் பேர்

மொட்டைமாடியில் துணி காயப்போடும் கொடிக்கயிற்றை எவ்வளவு இழுத்துக் கட்டினாலும் நடுவில் கொஞ்சம் தொய்யத்தான் செய்யும். கட்டியவர் கையில் வலு போதவில்லை என்று நினைக்க வேண்டாம். கயிற்றுக்கு எடை இருக்கிறது. அந்த எடையைத் தாங்க மேல்நோக்கி ஒரு விசை வேண்டும். துளி சாய்வும் இல்லாமல் கயிறு நேராக நின்றால் அதன் இரண்டு முனைகளும் பக்கவாட்டில்தான் இழுக்கும். மேலே தூக்குவதற்கு ஒன்றுமே இருக்காது. அதனால் கயிறு தன்னைத் தாங்கிக்கொள்ள எவ்வளவு வளைய வேண்டுமோ அவ்வளவு வளைந்துகொள்கிறது. ஈரப் போர்வையைப் போட்டால் இன்னும் கொஞ்சம் வளைகிறது. யாரும் அதற்குக் கோடு போட்டுக் காட்டவில்லை.

இது என்ன வளைவு என்ற கேள்வி ஐரோப்பாவின் பெரிய மூளைகளை ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் அலைக்கழித்தது. தொங்கும் சங்கிலி ஏறக்குறைய பரவளையம்போல இருக்கும் என்று 1638இல் கலிலியோ எழுதினார். வீசிய கல் போகும் பாதை பரவளையம். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கண்ணுக்கு வித்தியாசம் தெரியாது. கணக்குப் போட்டால் தெரியும். 1691இல் லைப்னிட்ஸ், ஹைகன்ஸ், யோஹான் பெர்னூலி மூவரும் தனித்தனியே சரியான விடைக்கு வந்து சேர்ந்தார்கள்.

அதற்குப் பதினாறு ஆண்டுகள் முன்பே, சமன்பாடு எதுவும் கையில் இல்லாமல், ராபர்ட் ஹூக் வேறு ஒன்றைக் கண்டுகொண்டிருந்தார். தொங்கும் சங்கிலியை அப்படியே தலைகீழாகத் திருப்பினால், கல்லால் கட்டும் வளைவுக்கு உரிய வடிவம் கிடைத்துவிடும். சங்கிலியில் இருப்பது இழுவை மட்டும். திருப்பிப் போட்டால் அந்த இழுவையெல்லாம் அழுத்தமாகிவிடும். கல் அழுத்தத்தை எத்தனை நூற்றாண்டு வேண்டுமானாலும் தாங்கும், இழுத்தால் விண்டுவிடும். ஹூக் இதை 1675இல் லத்தீன் எழுத்துகளைக் கலைத்துப் போட்ட ஒரு புதிராக அச்சிட்டார். அவர் இறந்த பிறகு, 1705இல்தான் அதன் விடை வெளியே வந்தது.

ரோமில் புனித பேதுரு பேராலயத்தின் குவிமாடத்தில் விரிசல்கள் ஓடியபோது, 1740களில், பாதுவா பல்கலைக்கழகத்தின் ஜியோவான்னி போலேனியைக் கூப்பிட்டார்கள். அவர் குவிமாடத்தை ஆரஞ்சுச் சுளைபோலத் துண்டு துண்டாகப் பிரித்துப் பார்த்து, ஒரு சுளையின் ஒவ்வொரு பகுதியும் என்ன எடை இருக்கும் என்று கணக்கிட்டார். அதே விகிதத்தில் 32 எடைகளை ஒரு நூலில் கோத்துத் தொங்கவிட்டார். எடைகள் ஒன்றுக்கொன்று சமமில்லை, அதனால் நூலும் சீரான வளைவாகத் தொங்கவில்லை. அந்தந்த எடைக்கு ஏற்றபடி தொங்கியது. அந்தக் கோட்டைத் திருப்பிக் குவிமாடத்தின் வரைபடத்தின் மேல் வைத்தார். கோடு முழுவதும் சுவரின் தடிமனுக்குள்ளேயே போனது. விழாது என்று சொன்னார். கூடுதல் பாதுகாப்புக்கு இரும்பு வளையங்கள் போடச் சொன்னார். 1748இல் இதையெல்லாம் புத்தகமாக வெளியிட்டார். குவிமாடம் இன்றும் நிற்கிறது. போலேனி முதலில் எடையைக் கேட்டார், பிறகுதான் வளைவைப் பார்த்தார். அந்த வரிசைதான் என்னை அவரிடம் திரும்பத் திரும்ப இழுக்கிறது.

ரயில்வேயில் வரிசை வேறு. அங்கே வளைவுதான் முதலில். இரும்பு அதற்குப் பிறகு. நேர்ப்பாதையில் வரும் வண்டி திடீரென்று ஒரு வட்டத்துக்குள் நுழைந்தால் உள்ளே இருப்பவர்கள் ஜன்னல் கம்பியில் மோதிக்கொள்வார்கள். அதனால் நேருக்கும் வட்டத்துக்கும் இடையில் கொஞ்சம் கொஞ்சமாக இறுகும் ஒரு வளைவைப் போடுகிறார்கள். பாதை இறுக இறுக வெளிப்பக்கத் தண்டவாளத்தின் உயரமும் அதே கணக்கில் ஏறுகிறது. வண்டிகள் ஓடி ஓடித் தண்டவாளம் நகர்ந்துவிடும் என்பதால் பாதைப் பணியாளர்கள் அவ்வப்போது அளந்து பார்க்கிறார்கள். கருவி மிக எளியது. 20 மீட்டர் நீள நூலின் இரு முனைகளைத் தண்டவாளத்தின் உள்விளிம்பில் பிடித்து, நடுவில் நூலுக்கும் தண்டவாளத்துக்கும் எவ்வளவு இடைவெளி என்று ஸ்கேல் வைத்துப் பார்ப்பார்கள். 50 மில்லிமீட்டர் இருந்தால் வளைவின் ஆரம் ஒரு கிலோமீட்டர். பத்து மீட்டர் தள்ளி மறுபடியும் ஒரு அளவு. ஓரிடத்தில் 50, அடுத்த இடத்தில் 70, அதற்கடுத்து 35 என்று எண்கள் குதித்தால் அங்கே தண்டவாளத்தை நெம்பி வளைவுக்குள் கொண்டுவருவார்கள். வண்டியில் தூங்கும் குழந்தை விழிக்காமல் திருநெல்வேலி போய்ச்சேர்வது இந்த நூலாலும் ஸ்கேலாலும்தான். இரும்பை வளைவுக்குள் இழுக்கலாம். அது அதற்காகத்தான் போடப்பட்டது.

மனிதர்களை இழுக்கும்போதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

மணி வளைவு என்று பாடப்புத்தகத்திலும் பெல் கர்வ் என்று அலுவலகத்திலும் சொல்லப்படும் வளைகோடு வானத்திலிருந்து இறங்கி வந்தது. 1801 ஜனவரி முதல் தேதி, சிசிலித் தீவின் பலேர்மோவில் பியாட்ஸி என்ற வானியலாளர் சீரிஸ் என்ற குறுங்கோளைக் கண்டார். ஆறு வாரம்போலப் பின்தொடர்ந்தார். பிறகு அது சூரிய வெளிச்சத்தில் மறைந்துவிட்டது. மறுபடி எங்கே முளைக்கும்? கையிலிருந்த சில அளவுகளை வைத்து 24 வயது காஸ் இடத்தைக் கணித்துச் சொன்னார். அந்த வருடக் கடைசியில் அவர் சொன்ன இடத்துக்கு அருகிலேயே சீரிஸ் அகப்பட்டது. ஆனால் இப்படிப்பட்ட அளவுகள் எப்போதும் கொஞ்சம் பிசகும்: ஒரே நட்சத்திரத்தின் இடத்தைப் பத்து முறை அளந்தால் பத்து விடை வரும். சின்னப் பிழைகள் நிறைய, பெரிய பிழைகள் அபூர்வம், கூடவும் குறையவும் சம வாய்ப்பு. அந்தப் பிழைகளைக் கோடாக வரைந்தால் மணியைக் கவிழ்த்துவைத்தது போன்ற வடிவம் வரும். நாணயத்தைச் சுண்டும் கணக்கில் தெ மாவர் 1733இலேயே இந்த வடிவத்தைத் தொட்டிருந்தார். 1809இல் காஸ் அதை அளவைப் பிழைகளின் விதியாக நிறுத்தினார். உண்மை ஒன்றுதான், அளப்பவரின் கைதான் ஆடுகிறது என்பது அதன் அடிப்படை.

பெல்ஜியத்தின் வானியலாளர் அடோல்ஃப் கெட்லே அதை எடுத்து மனிதர்கள் மேல் வைத்தார். ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட ஸ்காட்லாந்துப் படைவீரர்களின் மார்புச் சுற்றளவை வரைந்து பார்த்தபோது அதே மணி வடிவம் வந்தது. அதிலிருந்து அவர் எட்டிய முடிவு துணிச்சலானது: இயற்கை ஒரு 'சராசரி மனிதனை' உருவாக்க நினைக்கிறது, நாமெல்லாம் அந்தக் குறியிலிருந்து விலகிய பிழைகள். நட்சத்திரத்தை அளப்பதில் பிழை என்பதற்குப் பொருள் உண்டு. சராசரியைவிட அகன்ற மார்புள்ளவன் எதில் பிழை செய்தான்? உயரம், எடை, ரத்த அழுத்தம் போன்றவற்றைப் பெருங்கூட்டத்தில் புரிந்துகொள்ள அந்த வளைவு அருமையான கருவி. அதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. ஆனால் கூட்டத்தைப் பார்க்கச் செய்த கண்ணாடியைத் தனி ஆள் மேல் வைத்து அவனுக்கு விலை போடும் பழக்கத்துக்குக் கெட்லேயின் அந்த முடிவு வழி திறந்துவிட்டது. பிறகு அது பல உருவம் எடுத்தது.

அதில் ஒன்று சென்னையின் ஐ.டி. சாலையான ஓ.எம்.ஆருக்கு வந்துவிட்டது. ஜெனரல் எலெக்ட்ரிக் நிறுவனத்தை 1981 முதல் 2001 வரை நடத்திய ஜாக் வெல்ச், ஊழியர்களை 20-70-10 என்று பிரிக்கச் சொன்னார். மேலே இருபது சதவீதத்துக்கு வெகுமதி, நடுவில் எழுபது, கடைசிப் பத்து சதவீதம் வெளியே போக வேண்டும். உலகம் முழுக்க நிறுவனங்கள் அந்த எண்களைத் தங்களுக்கேற்ப மாற்றி எடுத்துக்கொண்டன. சென்னையின் மென்பொருள் நிறுவனங்களில் வேலை பார்ப்பவர்களிடம் 'அப்ரைசல்' என்று சொன்னால் அடுத்த வார்த்தை 'பெல் கர்வ்' என்று வந்துவிடும்.

என் அக்கா மகன் அப்படியொரு நிறுவனத்தில் டீம் லீட். கீழே பத்துப் பேர். மார்ச் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தவன், சாப்பிட்ட கையோடு லேப்டாப்பைத் திறந்து உட்கார்ந்துவிட்டான். எக்செல் ஷீட். ஒரு பக்கம் பெயர்கள், மறுபக்கம் ரேட்டிங். அடியில் ஒரு கட்டம் சிவப்பாக இருந்தது. கடைசி ரேட்டிங்கில் ஒருவராவது விழுந்தால்தான் அந்தக் கட்டம் பச்சையாகும். பச்சையானால்தான் ஷீட்டை மேலே அனுப்ப முடியும்.

"பத்துப் பேருமே நல்லாதான் செஞ்சாங்க மாமா. ஆனா ஒருத்தரக் கீழ தள்ளியே ஆகணும்."

"யாரைத் தள்ளப் போறே?"

விரல் ஒரு பெயரில் நின்றது. "இவன் நைட் ஷிஃப்ட். புரொடக்ஷன் சப்போர்ட். இவன் பாத்துக்கிட்ட சிஸ்டம் இந்த வருஷம் ஒரு தடவைகூட விழல. அதனாலயே மேல இருக்கிறவங்க யாருக்கும் இவன் பேரு தெரியாது. எல்லா டீம் ரேட்டிங்கையும் ஒப்பிட்டு முடிவு பண்ற கால்பிரேஷன் மீட்டிங்ல இவனுக்காகச் சொல்ல எங்கிட்ட ஒரு கதை இல்ல மாமா."

ராத்திரி முழுக்க விழித்திருந்து எதுவும் நடக்காமல் பார்த்துக்கொண்டவனுக்கு, எதுவும் நடக்கவில்லை என்பதே குற்றமாகிவிட்டது. அந்த ரேட்டிங் வந்தால் ஹைக் இல்லை. மறுவருடமும் வந்தால் பி.ஐ.பி. என்ற மேம்பாட்டுத் திட்டத்தில் போடுவார்கள். அந்த வாசலுக்குள் போனவர்களில் எத்தனை பேர் மறுபடி இருக்கைக்குத் திரும்பினார்கள் என்று அந்தத் துறையில் இருப்பவர்களைக் கேட்டுப் பாருங்கள். முகத்தைப் பார்த்தாலே பதில் தெரியும்.

இது இரக்கம் சார்ந்த புகார் மட்டும் என்று யாராவது நினைத்தால், கணக்காகவே பேசலாம். ஒரு பெரிய நிறுவனத்தில் உண்மையிலேயே பத்தில் ஒரு பங்கு பேர் வேலையில் சோடை என்றே வைத்துக்கொள்வோம். எல்லோரையும் குலுக்கிப் போட்டுப் பத்துப் பத்துப் பேராகப் பிரியுங்கள். ஒரு டீமில் அப்படி ஒருவர்கூட இல்லாமல் போவதற்கான வாய்ப்பு 0.9ஐ பத்து முறை பெருக்கினால் வரும் எண்: சுமார் 0.35. அதாவது நூறு டீம்களில் 35 டீம்களில் கீழே தள்ள நியாயமான ஆளே கிடையாது. சரியாக ஒருவர் இருப்பது சுமார் 39 டீம்களில். மிச்சமுள்ள 26 டீம்களில் இரண்டோ அதற்கு மேலோ இருப்பார்கள். அங்கே ஒருவர் மாட்ட, மற்றவர் தப்பிவிடுவார். விதி தனக்குத் தானே வைத்துக்கொண்ட நிபந்தனையின்படி பார்த்தாலும், டீமுக்கு ஒருவர் என்ற பங்கீடு பாதிக்கு மேற்பட்ட டீம்களில் தவறாகவே முடிகிறது. நிஜத்தில் நிலைமை இன்னும் மோசம். டீம்கள் குலுக்கிப் போட்டு உருவாவதில்லை. எழுத்துத் தேர்வு, இரண்டு மூன்று சுற்று நேர்காணல் என்று வடிகட்டி எடுத்தவர்கள்தான் அங்கே இருக்கிறார்கள். வடிகட்டிய பிறகு மறுபடி மணி வடிவத்தை எதிர்பார்ப்பதற்கு என்ன காரணம் சொல்வார்கள்?

காரணம் ஒன்று சொல்கிறார்கள். இப்படி ஒரு கட்டாயம் வைக்காவிட்டால் மேனேஜர்கள் மனசு நோகக் கூடாது என்று எல்லோருக்கும் உயர்ந்த ரேட்டிங் போட்டுவிடுவார்கள், உண்மையாக உழைத்தவருக்கும் ஒப்பேற்றியவருக்கும் வித்தியாசம் தெரியாமல் போகும் என்று. இதில் உண்மை இருக்கிறது, நானும் பார்த்திருக்கிறேன். ஆனால் அது மேனேஜரின் தயக்கம். அவரைக் கூப்பிட்டு உட்காரவைத்து, ஏன் எல்லோருக்கும் ஒரே ரேட்டிங் என்று கேட்க வேண்டிய கேள்வியை, நைட் ஷிஃப்ட் பையனின் சம்பளத்தில் போய்க் கழிப்பது எந்த ஊர் நியாயம்? மைக்ரோசாஃப்ட் 2013இல் இந்தக் கட்டாய வரிசைப்படுத்தலை நிறுத்தியது. ஒரே டீமில் இருப்பவர்கள் ஒருவருக்கொருவர் உதவுவதை விட்டுவிட்டு, பக்கத்து இருக்கைக்காரனை முந்துவதில் குறியாக இருந்தார்கள் என்று அங்கே நீண்ட காலமாகவே குமுறல் இருந்தது. இங்கேயும் பல நிறுவனங்கள் கைவிட்டுவிட்டதாக அறிவிக்கின்றன. எக்செல் ஷீட்டின் சிவப்புக் கட்டம் மட்டும் வேறு பெயரில் தொடர்கிறது.

பலரிடமிருந்து எடுத்த அளவுகளை ஒரு தனி மனிதருக்கு நல்லபடியாகப் பயன்படுத்தவே முடியாதா? முடியும். நம் ஊர் அங்கன்வாடியில் ஒவ்வொரு மாதமும் அது நடக்கிறது.

குழந்தையின் வளர்ச்சி அட்டையைப் பார்த்திருப்பீர்கள். அடியில் வயது மாதக் கணக்கில், பக்கத்தில் எடை கிலோவில், நடுவே பச்சை, மஞ்சள், ஆரஞ்சு என்று மேல்நோக்கி வளைந்து போகும் பட்டைகள். அந்தப் பட்டைகளும் கூட்டத்திலிருந்து வந்தவைதான். உலக சுகாதார நிறுவனம் 1997 முதல் 2003 வரை பிரேசில், கானா, இந்தியா, நார்வே, ஓமன், அமெரிக்கா ஆகிய ஆறு நாடுகளில் ஏறத்தாழ 8,500 குழந்தைகளை அளந்து, 2006இல் அவற்றை வெளியிட்டது. தாய்ப்பால் குடித்து, நல்ல சூழலில் வளரும் குழந்தைகள் எந்த நாட்டில் பிறந்தாலும் முதல் ஐந்து ஆண்டுகளில் ஏறக்குறைய ஒரே மாதிரி வளர்கிறார்கள் என்பது அந்த ஆய்வு காட்டிய பெரிய உண்மை.

இப்போது அங்கன்வாடிப் பணியாளர் அதை எப்படி வாசிக்கிறார் என்று பாருங்கள். தராசில் தொங்கும் குழந்தை கையைக் காலை உதைக்கிறது. எடையைப் பார்த்து அட்டையில் ஒரு புள்ளி வைக்கிறார். போன மாதப் புள்ளியோடு சேர்த்துக் கோடு இழுக்கிறார். அனுபவமுள்ள பணியாளர் பட்டையின் நிறத்தோடு நிறுத்திக்கொள்ளமாட்டார். கோடு எந்தப் பக்கம் போகிறது என்று பார்ப்பார். கீழே மஞ்சளில் இருந்தாலும் மாதாமாதம் பட்டைக்கு இணையாக ஏறிக்கொண்டிருக்கும் குழந்தையைப் பற்றி அவருக்குப் பதற்றம் இல்லை. பச்சையில் கொழுகொழுவென்று இருந்த குழந்தையின் கோடு இரண்டு மாதமாகப் படுத்துவிட்டதென்றால் உடனே தாயிடம் கேட்பார்: வயிற்றுப்போக்கு இருந்ததா, பால் நிறுத்தியாச்சா, வேலைக்குப் போக ஆரம்பிச்சாச்சா, வீட்டில் பிள்ளையை யார் பார்த்துக்கிறாங்க? அந்தக் குழந்தையை அதே குழந்தையின் போன மாதத்தோடுதான் ஒப்பிடுகிறார். பக்கத்து வீட்டுக் குழந்தையின் எடை இந்தக் கோட்டை ஒரு மில்லிமீட்டர்கூட அசைக்காது.

இப்படி வாசிக்கும் முறைக்கு வழிகாட்டியவர்களில் டேவிட் மார்லி என்ற குழந்தை மருத்துவர் முக்கியமானவர். 1950களின் பிற்பகுதியில் நைஜீரியாவின் கிராமங்களில் வேலை செய்தபோது இந்த அட்டையை வடிவமைத்தார். மருத்துவமனை அலமாரியில் வைத்துப் பூட்டாமல், அட்டையைத் தாயின் கையிலேயே கொடுத்தனுப்பினார். எழுதப் படிக்கத் தெரியாத தாய்க்கும் கோடு ஏறுகிறதா இறங்குகிறதா என்று தெரியும்.

தமிழ்நாடு இதில் ஒரு படி மேலே போனது. 1980இல் உலக வங்கி உதவியோடு தமிழ்நாடு ஒருங்கிணைந்த ஊட்டச்சத்துத் திட்டம் தொடங்கியபோது, ஆறு மாதம் முதல் மூன்று வயது வரையிலான குழந்தைகளுக்கு மாதாமாதம் எடை பார்த்தார்கள். யாருக்குச் சத்துணவு என்று தீர்மானிக்கும்போது, ஏற்கெனவே மிக மெலிந்துவிட்ட குழந்தைகளோடு, எடை ஏற வேண்டிய அளவுக்கு ஏறாமல் நின்றுபோன குழந்தைகளையும் சேர்த்தார்கள். அப்படிப்பட்ட குழந்தைக்கு மூன்று மாதம்போல உணவு கொடுத்து, கோடு மறுபடி ஏறத் தொடங்கியதும் நிறுத்தினார்கள். ஊருக்குப் பத்தில் ஒரு குழந்தை என்று எவரும் எண்ணிக்கை விதிக்கவில்லை. ஒரு மாதம் எல்லாக் குழந்தைகளும் ஏறினால் எல்லாக் குழந்தைகளும் ஏறின, அவ்வளவுதான். மழைக்காலத்தில் வயிற்றுப்போக்கு வந்து இருபது குழந்தைகள் தேங்கினால் இருபது பேருக்கும் உணவு.

அக்கா மகனிடம் இதையெல்லாம் சொன்னபோது அவன் கவனமாகக் கேட்டான். "எங்க ஹெச்.ஆர். இதுக்கெல்லாம் ஒத்துக்கமாட்டாங்க மாமா" என்றான். ஒத்துக்கொள்ளமாட்டார்கள் என்று எனக்கும் தெரியும். ஆனாலும் ஒன்று செய்யச் சொன்னேன். பத்துப் பேருக்கும் மூன்று வருடத்து வேலையைத் தனித்தனிக் காகிதத்தில் எழுது. முதல் வருடம் என்ன தெரிந்தது, இப்போது என்ன தெரிகிறது, யாருக்குக் கற்றுக்கொடுத்தார், எது தேங்கியது, ஏன் தேங்கியது. நைட் ஷிஃப்ட் பையனுக்கு, சிஸ்டம் விழாமல் இருக்க எத்தனை ராத்திரி எத்தனை மணிக்கு என்ன செய்தான் என்று லாக்கிலிருந்து எடுத்து எழுது. அதையும் ஷீட்டோடு சேர்த்து மேலே அனுப்பு. ஒருவரைக் கீழே தள்ளித்தான் ஆக வேண்டுமென்றால், யாரை, எதற்காக என்று அந்தக் காகிதத்தைப் படித்துவிட்டு அவர்களே எழுதட்டும்.

இதை வாசிக்கும் டீம் லீட்களும் மேனேஜர்களும் இதையே செய்யலாம். அடுத்த சுற்றுக்கு இன்னும் மாதங்கள் இருக்கின்றன. குறிப்புகளை இப்போதே எழுதத் தொடங்கினால் மார்ச்சில் ஒவ்வொரு பெயருக்கும் சொல்ல உங்களிடம் ஒரு கதை இருக்கும்.